சீசனுக்கு வாங்க!

1

முதலில் என் மடத்தனத்தைச் சொல்லிவிடுகிறேன். வேறு யாராவது சொல்லி நீங்கள் கேள்விப்படுவதைவிட நானே சொல்லிவிடுவது கொஞ்சம் கௌரவம்.

போன வருடம் ஜூன் மாதம். மெல்பர்ன் நகரத்தின் மேற்கு ஓரத்தில் உள்ள ஒரு சாதாரணப் புறநகர். அதில் ஒரு சாதாரண வீடு. அந்த வீட்டின் பின்பக்கத்தில், இடுப்பில் ஒரு துண்டு மட்டும் கட்டிக்கொண்டு, உச்சந்தலையிலிருந்து கணுக்கால்வரை நல்லெண்ணெய் தேய்த்துக்கொண்டு, மழைக்குள் நான் நின்றேன். கூரையின் விளிம்பில் ஓடும் தகரக் கால்வாயில் இலை அடைத்துக்கொண்டிருந்தது. தண்ணீர் குழாய் வழியாக இறங்க மாட்டாமல் ஒரே இடத்தில் பொங்கி ஊற்றியது. அதற்குக் கீழே குனிந்து முதுகைக் கொடுத்தேன். வயது நாற்பத்தெட்டு. உத்தியோகம், ஒரு கம்பெனியில் சம்பளக் கணக்கு. மூளை இருந்த இடம் தெரியவில்லை. ஜூன் என்றால் இங்கே குளிர்காலம் என்பதை இன்னும் தெரிந்துகொள்ளாத ஒரே குடியுரிமைக்காரன் நானாகத்தான் இருப்பேன்.

காரணம் ஏட்டு அண்ணாச்சி. தென்காசியில் எங்கள் எதிர்வீடு. போலீசில் ஏட்டாக இருந்து ரிட்டயர் ஆனவர். இப்போது எங்கள் நகரின் வாட்சப் குழுவுக்கு அட்மின். ஜூன் பிறந்துவிட்டால் தினமும் காலையில் குற்றாலத்துக்கு வண்டியை விடுவார், அருவியை வீடியோ எடுப்பார், போடுவார். கீழே ஸ்டேஷன் ரிப்போர்ட் மாதிரி ஒரு வரி இருக்கும்: "மெயினருவியில் தண்ணீர் நன்றாக விழுகிறது. சாரல் உள்ளது. குளிக்கத் தடை இல்லை. குடும்பத்துடன் வரவும்." குடும்பத்துடன் எங்கிருந்து வருவது? ஆனால் அன்றைக்கு அந்த வீடியோவைப் பார்த்து முடித்தபோது சரியாக என் வீட்டுக் கூரையிலும் சத்தம் கேட்டது. அதே சத்தம். நான் என்ன செய்வேன், எண்ணெய்ப் பாட்டிலை எடுத்துவிட்டேன்.

முதுகில் தண்ணீரோடு மக்கின இலை விழுந்தது, பாதி டென்னிஸ் பந்து ஒன்று விழுந்தது, பறவை சம்பந்தப்பட்ட ஏதோ விழுந்தது. அருவி என்றால் கல்லும் கட்டையும் விழத்தான் செய்யும் என்று சமாதானப்படுத்திக்கொண்டேன். குற்றாலத்தில் குளித்தவர்களுக்குத் தெரியும், தண்ணீருக்குள் தலையைக் கொடுத்ததும் தன்னையறியாமல் ஒரு ஊளை வரும். வயதானவர், உத்தியோகஸ்தர் என்ற பேதமெல்லாம் அங்கே கிடையாது, எல்லாரும் ஊளைதான். எனக்கும் வந்தது. பாதி பழக்கத்தில், பாதி குளிரில்.

வேலிக்கு மேல் ஒரு தலை தெரிந்தது. பக்கத்து வீட்டு பீட்டர். ரிட்டயர்ட் பஸ் டிரைவர். கையில் ஃபோன். இங்கே அவசர எண் மூன்று பூஜ்யம். இரண்டு பூஜ்யம் அமுக்கியாகிவிட்டது, மூன்றாவது பூஜ்யம்தான் பாக்கி.

"உனக்கு ஏதும் ஆகவில்லையே?" என்றார்.

"குளிக்கிறேன்," என்றேன்.

"வீட்டுக்குள் தண்ணீர் வரவில்லையா?"

"வருகிறது."

கொஞ்சம் யோசித்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டு, "மனைவியோடு சண்டையா?" என்றார்.

அந்த நிலைமையில் ஒரு மனிதன் தன் மானத்தை எப்படிக் காப்பாற்றிக்கொள்வான்? பல் தந்தியடிக்க, எண்ணெய் வழிய, நான் குற்றாலத்தைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தேன். மலை, மூலிகை, சாரல், எங்கள் வீட்டிலிருந்து நடக்கிற தூரம். சொல்லி முடித்த வேகத்தில், ஊர்ப் பழக்கத்தில், அந்த வாக்கியமும் வந்துவிட்டது.

"ஒருமுறை சீசனுக்கு வாங்க. எங்க வீடு இருக்கு, அம்மா இருக்கா. லாட்ஜெல்லாம் எதுக்கு?"

பீட்டர் ஃபோனில் இருந்த பூஜ்யங்களை அழித்தார். காலண்டரைத் திறந்தார்.

"எந்த மாதம் வந்தால் உன் அம்மாவுக்கு வசதி?" என்றார்.

2

தென்காசிக்காரன் வாயில் 'சீசனுக்கு வாங்க' என்பது மற்ற ஊர்க்காரர்கள் 'சாப்டீங்களா' என்று கேட்பது மாதிரி. கல்யாண வீட்டில் பக்கத்து நாற்காலிக்காரரிடம் சொல்வோம். ரயிலில் எதிர் சீட்டுக்காரரிடம் இறங்கும்போது சொல்வோம். கேட்கிறவர்களுக்கும் அதன் எடை தெரியும். "வந்துட்டாப் போச்சு அண்ணாச்சி" என்று சொல்லிவிட்டு மறந்துவிடுவார்கள். மறக்காதவர்கள் சிலர் உண்டு. அவர்கள் வேன் பிடித்து வருவார்கள். இரண்டு வகையையும் தாங்கிக்கொள்ளப் பழகினவர்கள் நாங்கள். ஆனால் காலண்டரைத் திறக்கிற மூன்றாவது வகை ஒன்று உலகத்தில் இருக்கிறது என்று எனக்கு அதுவரை தெரியாது.

அப்பா மின்வாரியத்தில் லைன் இன்ஸ்பெக்டர். அவருக்குச் சட்டம் ஒன்றே ஒன்று. தெரிந்தவன் எவனும் சீசனில் லாட்ஜில் தங்கக் கூடாது. அம்மா வழியில் ஒரு தூரத்துச் சொந்தம், சுரண்டைக்காரர், நமக்குச் சிரமம் வேண்டாமே என்று ஒருமுறை குற்றாலத்தில் லாட்ஜில் ரூம் போட்டுவிட்டார். எப்படியோ அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது. மொபெட்டை எடுத்துக்கொண்டு போனார். திரும்பி வரும்போது முன்னால் ஒரு சூட்கேஸ், பின்னால் ஒரு பை. சொந்தக்காரர் குடும்பம் பின்னாலேயே நடந்து வந்தது.

"நான் என்ன செத்தா போயிட்டேன், லாட்ஜுல தங்குதீரு?" என்று வாசலில் வைத்து அப்பா கேட்டார். அந்த மனிதர் அதற்குப் பிறகு எங்கள் வீட்டில்தான் ஒரு வாரம் இருந்தார். பயம்தான்.

அந்த அப்பா கடைசியாகக் கட்டினது மாடி ரூம். தென்காசியிலிருந்து குற்றாலம் போகிற வழியில் வயல்கள் பிளாட் ஆன இடத்தில் எங்கள் நகர் இருக்கிறது. பெயரில் நகர் இருக்கும், பஸ் நிற்காது. ஒரே மாதிரி காம்பவுண்டுச் சுவர், ஒரே மாதிரி கேட், வாசலுக்கு ஒரு கேமரா. உள்ளே ஒன்றோ இரண்டோ வயதானவர்கள். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு மாடி ரூம். சென்னையிலோ துபாயிலோ இருக்கிற பிள்ளை வந்தால் தங்குவதற்கு. எங்கள் மாடி ரூம் எனக்கு. மனைவி செல்விக்கு என்று ஒரு பெரிய கண்ணாடி, மகள் தாரணிக்கு என்று வெஸ்டர்ன் டாய்லெட், வெந்நீர் ஹீட்டர். கட்டி முடித்த அடுத்த வருடம் அப்பா போய்ச் சேர்ந்தார். காரியத்துக்கு நான் தனியாக ஓடி வந்து அந்த ரூமில் சில நாட்கள் படுத்திருந்தேன். அதோடு சரி. தாரணி அதை இன்னும் பார்த்ததே இல்லை.

என் ஆசை ரொம்பப் பெரியதில்லை. ஒரே ஒரு சீசனுக்கு மூன்று பேரும் போக வேண்டும், அந்த மாடி ரூமில் தங்க வேண்டும். தாரணி பள்ளிக்கூடம் முடித்து எங்கேயாவது கிளம்புவதற்குள்.

ஒவ்வொரு மே மாதமும் அம்மாவிடம் வருகிறேன் என்பேன். ஒவ்வொரு ஜூனிலும் இல்லை என்பேன். பொய்யில்லை. இந்த நாட்டில் கணக்கு வருடம் ஜூன் கடைசியில் முடிகிறது. ஊரில் அருவிச் சீசன் என்றால் இங்கே எனக்குக் கணக்குச் சீசன். பிள்ளைகளுக்குப் பள்ளி விடுமுறையும் அதே சமயம்தான். மூன்றையும் ஒரே நேரத்தில் வைத்தவன் யாரென்று தெரிந்தால் ஒரு வார்த்தை கேட்கலாம்.

பீட்டரைக் கூப்பிட்டதற்கு முந்தின வருடம் ஒன்று நடந்தது. அந்தத் தடவை நிச்சயம் என்று டிக்கெட்டே போட்டுவிட்டேன். அதே வாரம் அப்பாவின் அக்கா, சிவகிரி அத்தை, பேரன் பேத்திகளோடு சீசனுக்கு வருவதாக இருந்தாள். அம்மா அத்தைக்கு ஃபோன் போட்டு, "மைனி, மாடி ரூமைத் தம்பிக்கு வச்சிருக்கேன். வருசம் கழிச்சு வாரான். இந்த ஒருக்கா மட்டும் லாட்ஜுல போட்டுக்கிடுதியளா?" என்று கேட்டிருக்கிறாள்.

அத்தை லாட்ஜில் போட்டுக்கொண்டாள். நான் டிக்கெட்டை ரத்து செய்தேன். அத்தை எங்கள் வீட்டு வாசலை மிதிக்காமல் சிவகிரிக்குத் திரும்பினாள். அதிலிருந்து பேச்சு இல்லை. அம்மா என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. "ரூமைப் பூட்டிட்டேன்லே" என்றாள், அவ்வளவுதான். திட்டியிருந்தால் சமாளித்திருப்பேன். திட்டு வாங்குவதில் எனக்கு நல்ல அனுபவம்.

3

பீட்டரும் அவர் மனைவி மார்கரெட்டும் இந்த ஜூன் ஆரம்பத்தில் கேரளா போனார்கள். கொல்லத்திலிருந்து ரயிலில் மலை ஏறி இறங்கி செங்கோட்டைக்கு வருவதாகத் திட்டம். நான் அம்மாவுக்கு ஃபோன் செய்தேன்.

"எம்மா, பக்கத்து வீட்டுக்காரங்க ரெண்டு பேரு வாராங்க."

"பக்கத்து வீடா? அவிய மதுரைக்குல்லா போயிருக்காவ."

"உன் பக்கத்து வீடு இல்லம்மா, என் பக்கத்து வீடு. இங்க வந்தப்ப நீ கும்பிடுவியே, அந்த வெள்ளைக்காரங்க."

"நீ வாரியா?"

"இல்ல. அவங்க மட்டும்."

அந்தப் பக்கம் அரிசி டப்பாவைத் திறக்கிற சத்தம் கேட்டது.

"வெள்ளைக்காரரு இட்லி திம்பாரா?" என்றாள் அம்மா.

ஏட்டு அண்ணாச்சியே செங்கோட்டை ஸ்டேஷனுக்கு ஆட்டோ பிடித்துப் போயிருக்கிறார். குழுவில் அன்றைய ரிப்போர்ட்: "ஆஸ்திரேலியா விருந்தினர் இருவர் நலமுடன் வந்து சேர்ந்தனர். உடைமைகள் சரிபார்க்கப்பட்டன. அருவியில் தண்ணீர் மிதமாக உள்ளது." அதற்குக் கீழே மூன்றாம் தெருக்காரர் ஒருவர், "அண்ணாச்சி, கைரேகை எடுத்தாச்சா?" என்று கேட்டிருந்தார்.

மறுநாள் வீடியோ வந்தது. ஆபீஸ் சாப்பாட்டு அறையில், ஆறிப்போன ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தேன். பீட்டர் இடுப்பில் என் அப்பாவின் கட்டம் போட்ட துண்டு. உடம்பெல்லாம் எண்ணெய். போலீஸ்காரர் விசில் ஊதி வரிசையைத் தள்ளுகிறார். கூட்டம் பீட்டரை அப்படியே உள்ளே கொண்டுபோகிறது. தண்ணீருக்குள் அந்த வெள்ளைத் தலை மறைந்தது. அப்புறம் கேட்டது, ஊளை. என்னுடையதே தோற்றுப்போகும் ஊளை. மேசைக்கு எதிரில் இருந்த பெண், "யாருக்காவது அடிபட்டுவிட்டதா?" என்று கேட்டாள். "இல்லை, சந்தோஷமாக இருக்கிறார்," என்று சொல்லிவிட்டு ரொட்டியைக் கடித்தேன்.

இரண்டு நாள் என்று போனவர்கள் நகரவில்லை. அம்மாவுக்குச் சிரமமாக இருக்குமே என்று கூப்பிட்டேன்.

"ரெண்டு நாள்னுல்லா சொன்னாவ, இன்னும் கெளம்பக் காணோம்," என்றாள்.

"நான் வேணும்னா பேசட்டுமாம்மா?"

"நீ எதுக்குலே பேசுத? நல்ல மனுசங்க. அந்தம்மா சாம்பாருக்கு உள்ளி உரிச்சுத் தருதாவ. அவரு காலையில வாசல் தூத்துதாரு. ஒண்ணே ஒண்ணுதான், ஈரத் துண்டக் கொண்டாந்து சோபா மேல போட்டாரு. நான் சத்தம் போட்டேன். இப்பம் சரியா கொடியில போடுதாரு."

"இங்கிலீஷ்ல சத்தம் போட்டியா?"

"சத்தத்துல என்னலே இங்கிலீஷு?"

மாடி ரூமைத் திறந்துவிட்டாயா என்று கேட்க வாய் வரை வந்தது. கேட்கவில்லை. பின்னே வெள்ளைக்காரரை மொட்டை மாடியிலா படுக்க வைப்பாள்? வெந்நீர் ஹீட்டரை முதன்முதலாகப் போட்டவர் பீட்டர் என்பதைப் பிறகு தெரிந்துகொண்டேன்.

இங்கே தமிழ்ச் சங்கத்தில் சேலத்துக்காரர் குமரேசன் என்று ஒரு நண்பர். பீட்டர் குளிக்கும் வீடியோவை அவரிடம் காட்டிப் பெருமை அடித்தேன். "எங்க அப்பா அம்மாவும் ரொம்ப நாளா குத்தாலம் போவணும்ங்கறாங்க" என்றார். அப்போது நான் என்ன சொன்னேன் என்று உங்களுக்கே தெரியும். அந்த வாயைத் தைத்தால்தான் சரிப்படும். அந்த வாரக் கடைசியில் ஃபோன் வந்தது. அம்மாவாகக் கூப்பிடுவது அபூர்வம்.

"ஏலே, சேலத்துல இருந்து ஒரு வேன் வந்து வாசல்ல நிக்கு. இறங்க இறங்க ஆளு வந்துகிட்டே இருக்காவ. எல்லாரும் உன் பேரைச் சொல்லுதாவ."

"எத்தனை பேரும்மா?"

"எண்ணிக்கிட்டு இருந்தா அரிசி யாரு போடுதது? வையி."

அம்மா ஃபோனை வைத்துவிட்டாள். இத்தனை வருடமாக, "மீட்டிங் இருக்கும்மா, அப்புறம் பேசுதேன்" என்று ஃபோனை வைத்தவன் நான். இப்போது நான் கூப்பிட்டால் பின்னால் குக்கர் விசில், யாரோ பிள்ளைகள் சத்தம், "அப்புறம் பேசுதேன்லே, ஆளு இருக்காவ." மெல்பர்னில் உட்கார்ந்துகொண்டு என் வீட்டுக்கே ஆள் அனுப்பி, என் அம்மாவிடம் பேச எனக்கே நேரம் கிடைக்காமல் செய்துகொண்டவன் நான் ஒருத்தன்தான்.

4

அம்மா இங்கே ஒருமுறை வந்திருக்கிறாள். அப்பா போனதற்கு மறு வருடம், விசிட்டர் விசாவில். விசாவுக்கு அவள் நெஞ்சை எக்ஸ்ரே எடுக்கச் சொன்னார்கள், பேங்க் கணக்கு கேட்டார்கள், ஊருக்குத் திரும்பிப் போவதற்கு என்ன காரணம் இருக்கிறது என்று நிரூபிக்கச் சொன்னார்கள். அந்தக் கடைசிக் கேள்விக்கு நான் வக்கீல் மாதிரி நாலு பக்கம் எழுதினேன். வந்து இறங்கினதும் அம்மா தானே நிரூபித்துவிட்டாள். முன் ஜன்னலுக்குப் பக்கத்தில் நாற்காலியைப் போட்டுத் தெருவைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"இங்கன மனுசாளே நடக்க மாட்டாவளா?" என்றாள்.

"எல்லாரும் கார்ல போவாங்கம்மா."

"காருக்குள்ள ஆளு இருக்கா?"

எங்கள் தெருவில் எல்லா வீட்டுக்காரர்களும் ஒன்றாக வாசலுக்கு வருவது குப்பைத் தொட்டியை வெளியே உருட்டுகிற சாயங்காலத்தில் மட்டும்தான். அம்மா அதைக் கண்டுபிடித்து, அந்த நாளுக்கு மட்டும் நல்ல சேலை கட்டிக்கொண்டு வாசலில் நிற்பாள். பீட்டர் கையசைப்பார். அம்மா கும்பிடுவாள். அந்தப் பழக்கம்தான் பின்னால் இட்லி வரை போனது.

இப்படிப் பார்த்தால் இரண்டு நகரும் ஒன்றுதான். அங்கேயும் கேட்டு, கேமரா, பூட்டின ரூம். இங்கேயும் அதே. அங்கே வருடத்துக்கு மூன்று மாதம் மலையிலிருந்து தண்ணீர் விழுந்து ஆளைக் கொண்டுவருகிறது. இங்கே கூரைக் கால்வாயையும் நான் ஆள் வைத்துச் சுத்தம் செய்துவிட்டேன். செல்வி சொல்லிவிட்டாள், இனிமேல் அங்கே போய் நின்றால் பீட்டருக்குப் பதில் தானே மூன்றாவது பூஜ்யத்தை அமுக்குவதாக.

தாரணிக்குப் பதினேழு வயது. தமிழ் புரியும், பதில் ஆங்கிலத்தில் வரும். எப்போதாவது நல்ல மனதோடு தமிழில் பேசினால், "ஆச்சி எப்போ தூங்குவான்?" என்று ஆச்சியை ஆணாக்கிவிடுவாள். ஊருக்குப் போகலாமா என்றால் கொசு, வெயில், இன்டர்நெட் என்று மூன்று காரணம் வைத்திருப்பாள். ஃபோனைக் கையில் கொடுத்தால், "ஹாய் ஆச்சி, பை ஆச்சி." நடுவில் ஒன்றும் இருக்காது. நான் அதற்கு என்ன செய்ய? கோபப்பட்டால் கதவைச் சாத்திக்கொள்கிறாள். சிரிப்புக் காட்டினால், அவளுடைய தலைமுறைக்குச் சிரிப்பு வேறு கடையில் விற்கிறார்கள் போல.

பீட்டரும் மார்கரெட்டும் திரும்பி வந்தார்கள். அம்மா கொடுத்தனுப்பிய நார்த்தங்காய் ஊறுகாயை பீட்டர் ஏர்போர்ட் சுங்கப் படிவத்தில் ஒழுங்காக எழுதிக் காட்டியிருக்கிறார். அதிகாரி மூடியைத் திறந்து, மோந்து பார்த்து, இன்னொரு அதிகாரியைக் கூப்பிட்டு, அவரும் மோந்து பார்த்து, கடைசியில் வாங்கி வைத்துக்கொண்டுவிட்டார்கள். பீட்டருக்கு அதில் என்னைவிட வருத்தம். மார்கரெட், ஊரில் எடுத்த படம் காட்டுகிறேன் வா என்று தாரணியைக் கூப்பிட்டார். போனவள் வெகுநேரம் கழித்துத்தான் வந்தாள். வந்து சமையலறை வாசலில் நின்றாள்.

"அப்பா, ஆச்சிக்கு இடது காது கேக்காதாமே. மார்கரெட் சொன்னாங்க. உங்களுக்குத் தெரியுமா?"

தெரியாது. காரியத்துக்குப் போனபோது கவனிக்கவில்லை. இங்கே வந்து இருந்தபோதும் கவனிக்கவில்லை. நான் எத்தனையோ விஷயம் ஃபோனில் விளக்கமாகச் சொல்வேன். லீவு ஏன் கிடைக்கவில்லை, டிக்கெட்டை ஏன் ரத்து செய்தேன். எல்லாவற்றுக்கும் "சரிலே, சரிலே" என்பாள். என் அம்மாவுக்கு எவ்வளவு பொறுமை என்று நான் எல்லாரிடமும் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன்.

"பேசுறவங்க வலது பக்கம் உக்காரணுமாம். மார்கரெட் ரெண்டாவது நாளே கண்டுபிடிச்சிட்டாங்களாம்," என்றாள் தாரணி. அப்புறம் ஆங்கிலத்துக்கு மாறினாள். அவளுக்கு ஆச்சியைப் பார்க்க வேண்டும். இந்த வருடமே. அடுத்த வருடம் யூனிவர்சிட்டி, எங்கே என்று தெரியாது. கொசு கடித்தால் பரவாயில்லை.

செல்வி என்னைப் பார்த்தாள். நான் அடுப்பைப் பார்த்தேன்.

மறுநாள் ஆபீசில் லீவுக்கு எழுதிப் போட உட்கார்ந்தேன். கம்ப்யூட்டரில் காரணம் என்ற இடத்தில் நாலைந்து வகை இருக்கும், அதில் ஒன்றைத்தான் தொட முடியும். உடம்பு சரியில்லை, குடும்பத்தில் துக்கம், பிரசவம் இப்படி. அருவி என்று எதுவும் இல்லை. எதையும் தொடாமல் மேனேஜர் அறைக்கு நேராகவே போனேன். வருடக் கணக்கை முடித்துக் கொடுத்த கையோடு, ஜூலை இரண்டாம் வாரம் கிளம்புகிறேன் என்றேன். மகள் தானாக வருகிறேன் என்கிறாள் என்றேன். அவருக்கும் மகள் உண்டு. ஒன்றும் கேட்காமல் சரி என்றுவிட்டார். இத்தனை வருடம் இப்படி ஒரு வாசல் இருப்பது தெரியாமல் கம்ப்யூட்டரைத் தட்டிக்கொண்டிருந்திருக்கிறேன். அன்று சாயங்காலமே மூன்று டிக்கெட் போட்டேன்.

5

நேற்று அம்மாவைக் கூப்பிட்டேன். விஷயத்தைச் சொன்னதும் அழுதுவிடுவாள் என்று கைக்குட்டையை எடுத்துப் பக்கத்தில் வைத்துக்கொண்டேன். எனக்குத்தான்.

"எம்மா, ஃபோனை வலது காதுல வச்சுக் கேளு," என்றேன்.

"வலது காதுலதாம்லே வச்சிருக்கேன். எல்லாந் தெரிஞ்சாப்ல பேசாத. சொல்லு."

"நாங்க வாரோம்மா. ஜூலை ரெண்டாவது வாரம். மூணு பேரும்."

"டிக்கெட் போட்டாச்சா?"

"போட்டாச்சு."

"முன்னயும் போட்டேல்லா."

"இந்தத் தடவ லீவு கையில இருக்கும்மா. தாரணி தானா வாரேன்னுட்டா."

"பிள்ள வருதாளா?" என்றாள் அம்மா. "கொசுவலை வாங்கிப் போடணும். அவளுக்கு எரிப்பு ஆவாது, தனியா கொழம்பு வைக்கணும்..."

பின்னால் ஒரு குரல் கேட்டது. "யாரு ஃபோன்ல?" கரகரத்த குரல். எனக்குத் தெரிந்த குரல்.

"உங்க மருமவன்தான் மைனி," என்றாள் அம்மா அந்தப் பக்கம் திரும்பி.

"யாரும்மா, சிவகிரி அத்தையா?"

"ஆமா. அந்த ரூமை வெள்ளைக்காரங்களுக்கே தொறந்தாச்சு, மைனிக்குத் தொறக்க மாட்டனான்னு நெனச்சேன். ஏட்டு அண்ணாச்சிய கார் பிடிக்கச் சொல்லி நேர போய்ட்டேன். வர மாட்டேன்னு ஒரே பிடியா நின்னாவ. பைய எடுத்து வண்டியில வச்சு, கையப் புடிச்சு கூட்டியாந்துட்டேன். சீசன் முடியுத வரைக்கும் இங்கனதான்."

அப்பாவின் மொபெட் ஒரு கணம் என் கண்ணில் வந்து போனது. அதே பை, அதே வேகம்.

"மாடி ரூம்லயாம்மா?"

"பின்ன?"

"சரிதான், அத்தை இருக்கட்டும். கீழ ரூம்ல நாங்க..."

"கீழ ரூமு பீட்டரு தங்கச்சிக்கு. அவளும் அவ வீட்டுக்காரரும் அந்த வாரந்தான் வாராவ. மார்கரெட் அம்மா போறப்பயே சொல்லிட்டுப் போனாவ, நானும் சரின்னுட்டேன்."

தினமும் வேலிக்கு மேல் என்னைப் பார்த்துக் கையசைக்கிற பீட்டர் இதை என்னிடம் சொல்லவே இல்லை.

"அப்ப ஹாலு?"

"ஹால்ல சேலத்துக்காரவ. அவிய சம்பந்தி வீட்டு ஆளுவ. இது ரெண்டாவது வேனு. நீதானலே வரச் சொன்ன?"

நான்தான் வரச் சொன்னேன். வேலிக்கு அந்தப் பக்கமும், தமிழ்ச் சங்கத்திலும், எல்லாரையும் ஒருத்தர் விடாமல் வரச் சொன்னவன் நான்தான். டிக்கெட்டைத் திறந்து வைத்த கம்ப்யூட்டர் எதிரே மினுங்கிக்கொண்டிருந்தது. பக்கத்து அறையில் தாரணி பெட்டியை இழுத்துப் போட்டுத் துணி அடுக்கும் சத்தம் கேட்டது. இன்னும் நாள் இருக்கிறது என்று சொன்னால் கேட்க மாட்டேன் என்கிறாள். கைக்குட்டையை எடுத்து மடித்தேன், பிரித்தேன், மறுபடி மடித்தேன்.

"அப்பம் நாங்க எங்கனம்மா தங்க?" என்றேன்.

அந்தப் பக்கம் குக்கர் விசில் அடித்து ஓய்ந்தது. அம்மா சொன்னாள்:

"லாட்ஜுல ரூம் போடுலே."